நகைச்சுவை நடிகர்களின் ஆயுசும் நாம் சொல்லிக்கொள்ளும் கதையும்

2023 மகாசிவராத்திரிக்கு மறுநாள், பிப்ரவரி 19, விடிகாலையில் மயில்சாமி இறந்துபோனார். சத்தியமங்கலத்துக்காரர். 57 வயது. கேளம்பாக்கம் சிவன் கோயிலில் இரவெல்லாம் கண் விழித்துவிட்டு வீடு திரும்பியவருக்கு நெஞ்சுவலி வந்து, ஆஸ்பத்திரி போவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அந்தத் துக்கம் ஆறுவதற்குள், மார்ச்சில் கோவை குணா. டிவி காமெடி நிகழ்ச்சிகளில் கவுண்டமணி குரலில் பேசி வீட்டுக்கு வீடு தெரிந்தவர், சிறுநீரகக் கோளாறில் கோயம்புத்தூரிலேயே காலமானார்.

அந்த வாரங்களில் சத்தி பஸ் ஸ்டாண்டு முதல் காந்திபுரம் வரை எந்த டீக்கடையில் நின்றாலும் ஒரே பேச்சுதான். "சிரிக்க வெக்கிறவங்களுக்கே ஏனுங்க இப்படி ஆகுது?" பதிலும் கூடவே வரும். வயசானவர்கள் "கண்ணு பட்டுருச்சு" என்பார்கள். கொஞ்சம் படித்தவர்கள், ஊரைச் சிரிக்க வைக்கிறவன் உள்ளுக்குள் அழுதுகொண்டிருப்பான் என்பார்கள். இரண்டாவது பதில் கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் என்னைக் கேட்டால் அதுவும் ஒருவகைத் திருஷ்டிக் கதைதான். ஈரல், இதயம், கிட்னி, கடன், தூக்கம் என்று பார்க்க வேண்டிய இடங்களைப் பார்க்காமல் தப்பிக்க நமக்கு ஒரு வழி.

இந்த அழுகிற கோமாளிக் கதை நம்மூரில் பிறந்ததும் இல்லை. லண்டனில் ஜோசப் கிரிமால்டி என்றொரு கோமாளி நடிகர் இருந்தார், 1837ல் இறந்தவர். மனசு சரியில்லை என்று டாக்டரிடம் போன ஒருவனிடம், "கிரிமால்டியின் ஆட்டத்தைப் போய்ப் பார், சரியாகிவிடும்" என்றாராம் டாக்டர். வந்தவன் "நான்தான் ஐயா கிரிமால்டி" என்றானாம். நடந்ததோ இல்லையோ, அந்தக் கதை ஊர் ஊராகப் பேர் மாற்றிக்கொண்டு உலகத்தைச் சுற்றிவிட்டது. பட்டிமன்ற மேடைகளில் இதையே நம்மூர் நடிகர் பேரோடு சொல்லிக் கைதட்டு வாங்குகிறார்கள்.

சரி, நம் பட்டியலை எடுத்துக்கொள்வோம். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் 1957 ஆகஸ்ட் 30ல் இறந்தபோது 48 வயது. சந்திரபாபு 1974ல், 46 வயதில். சுருளிராஜன் 1980ல், 42 வயதில். தேங்காய் சீனிவாசன் 1987ல், 50 வயதில். சூலூர் மணிவண்ணன் 2013ல், அறுபதைத் தொடாமலே போனார். விவேக் 2021 ஏப்ரலில், 59 வயதில் மாரடைப்பில். அவர் 2015ல் மகனைப் பறிகொடுத்தவர். 2025 செப்டம்பரில் ரோபோ சங்கர், 46 வயதில். வரிசையாகப் படித்தால் யாருக்கும் வயிற்றைக் கலக்கும். ஆனால் ஒவ்வொரு பேரையும் தனித்தனியாக எடுத்துப் பார்த்தால், எல்லாருக்கும் பொதுவாக ஒரு சோகம் இருந்ததாகச் சொல்லவே முடியாது.

கலைவாணருக்கு நேர்ந்தது கோர்ட்டு. 1944 நவம்பரில் சென்னையில் லட்சுமிகாந்தன் என்ற மஞ்சள் பத்திரிகைக்காரர் கொலையானார். அந்த வழக்கில் தியாகராஜ பாகவதரும் கலைவாணரும் கைதானது எல்லாருக்கும் தெரியும். மூன்றாவதாகக் கைதான சினிமாக்காரர் நம்ம கோயம்புத்தூர் ஸ்டுடியோ முதலாளி ஸ்ரீராமுலு நாயுடு என்பது இந்தத் தலைமுறையில் பலருக்குத் தெரியாது. பட்சிராஜா ஸ்டுடியோ நடத்தியவர், பின்னால் 1954ல் மலைக்கள்ளன் எடுத்தவர். நாயுடுவை கோர்ட்டு விடுதலை செய்தது. மற்ற இருவருக்கும் ஆயுள் தண்டனை. அன்றைக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், மறுபடி விசாரணை நடந்து, 1947 ஏப்ரலில்தான் வெளியே வந்தார்கள். கையில் இருந்ததை இல்லாதவர்களுக்கு அள்ளிக் கொடுக்கிற கை கலைவாணருக்கு. அதற்கு மேல் சிறையில் போன இரண்டு வருசத்துக்கும் மேலான காலம், வழக்குச் செலவு, விட்ட மார்க்கெட். அதற்குப் பிறகும் பத்து வருசம் நடித்தார், படம் இயக்கினார், மேடையில் ஜனங்களைச் சிரிக்க வைத்தார். இவரையும் அழுகிற கோமாளி வரிசையில் உட்கார வைப்பது அந்த மனுசனுக்குச் செய்கிற மரியாதை இல்லை.

சந்திரபாபு கதை வேறு. வாய்ப்புத் தேடி அலைந்த காலத்தில் தற்கொலை முயற்சி வழக்கில் கோர்ட்டுப் படியேறியவர். கல்யாணம் நிலைக்கவில்லை. சொந்தமாகத் தொடங்கிய படம் பாதியில் நின்று கடன் கழுத்துக்கு வந்தது. கார் மாடி வரை ஏறிப்போகிற மாதிரி வீடு கட்ட ஆரம்பித்தவருக்குக் கடைசியில் அந்த வீடு தங்கவில்லை. குடியும் போதை ஊசியும் சேர்ந்துகொண்டன. மனச் சோர்வுக்குப் பட்டியலில் ஒருவரைக் காட்டச் சொன்னால் நான் இவரைத்தான் காட்டுவேன். ஆனால் அன்றைக்கு அதற்கு வைத்தியம் பார்க்கலாம் என்று எத்தனை பேருக்குத் தெரியும்? தற்கொலைக்கு முயன்றவனை டாக்டரிடம் அனுப்பாமல் மாஜிஸ்ட்ரேட் முன்னால் நிறுத்திய காலம் அது.

இப்போது இன்னொரு பட்டியல். தங்கவேலு 77 வயது வரை இருந்தார். வி.கே.ராமசாமி 76. மனோரமா 78. காகா ராதாகிருஷ்ணன் 86. உடுமலைப்பேட்டை பக்கம் வல்லகுண்டாபுரத்தில் 1939ல் பிறந்த கவுண்டமணி எண்பத்தைந்தைத் தாண்டி 2025ல்கூட ஒரு படத்தில் கதாநாயகனாக வந்துவிட்டார். இவர்கள் பேரைச் சொல்லி யாரும் டீக்கடையில் பெருமூச்சு விடுவதில்லை. நிறைவாக வாழ்ந்து போனவர் பற்றிச் சொல்ல நமக்குக் கதை கிடைப்பதில்லை, அதனால் பட்டியலில் அவர்கள் ஏறுவதே இல்லை.

அதோடு, சீக்கிரம் போனவர்கள் காமெடியர்கள் மட்டும்தானா? சேலம் மாடர்ன் தியேட்டர்ஸில் 1940ல் உத்தமபுத்திரனாக இரட்டை வேடம் கட்டிய பி.யு.சின்னப்பா 35 வயதில் போனார். பாகவதர் 49ல். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் 29ல். இந்தியாவில் 1951க்கும் 1961க்கும் நடுவே ஒரு மனிதனின் சராசரி ஆயுள் 41 வருசம்தான் என்று கணக்கெடுப்பு சொல்கிறது. பச்சைக் குழந்தைகளின் சாவு அந்தச் சராசரியைக் கீழே இழுக்கிறது என்பது உண்மைதான். ஆனாலும் 1957ல் 48 வயதில் ஒரு ஆண் இறப்பது எந்தத் தெருவுக்கும் புதுசு இல்லை. நம் தாத்தா தலைமுறையில் அப்படிப் போனவர்களை எண்ணிப் பார்த்தாலே தெரியும்.

இதை ஆராய்ந்தவர்களும் ஒருமுகமாக எதையும் சொல்லவில்லை. 1992ல் ஜேம்ஸ் ராட்டன் என்ற ஆய்வாளர் நகைச்சுவைக் கலைஞர்களின் ஆயுளை மற்ற நடிகர்களின் ஆயுளோடு ஒப்பிட்டார். பெரிய வித்தியாசம் இல்லை. ஆனால் மொத்தமாகப் பார்த்தால், மேடை, சினிமா என்று பிழைப்பவர்கள் மற்ற துறைக்காரர்களைவிடச் சீக்கிரம் போகிறார்கள் என்று தெரிந்தது. அழவைத்தவரும் சிரிக்க வைத்தவரும் ஒரே வண்டியில்தான் போகிறார்கள் என்று ஆகிறது. பிறகு 2015 வாக்கில் பிரிட்டன், அயர்லாந்துக் காமெடியர்கள் 53 பேரை எடுத்து இன்னொரு ஆய்வு நடந்தது. அதில் அதிகம் சிரிப்பு வாங்கியவர்கள் சீக்கிரம் இறந்திருந்தார்கள். ஜோடியாக நடித்தவர்களில், சிரிப்பு வாங்குகிற ஆள் முந்திச் சாகும் வாய்ப்பு, பக்கத்தில் விறைப்பாக நிற்கிற ஆளைவிட மூன்று மடங்குக்கும் மேல் என்று கண்டார்கள். 53 பேர் என்பது ரொம்பச் சின்னக் கூட்டம், யார் எவ்வளவு சிரிக்க வைத்தார் என்பதும் ஆளுக்கு ஆள் மாறும். அந்தக் கணக்கைக் கவுண்டமணி, செந்தில் மேல் வைத்துப் பார்த்தால் முதல் படியிலேயே இடிக்கும். அடிக்கிறவருக்கா சிரித்தோம், அடி வாங்குகிறவருக்கா? ரெண்டு பேரும் எழுபதைத் தாண்டி நம் கண் முன்னால் இருக்கிறார்கள்.

மனசு பற்றிய ஆய்வும் உண்டு. 2014ல் ஆக்ஸ்ஃபோர்டு ஆய்வாளர்கள் 523 காமெடியர்களிடம் கேள்வித்தாள் கொடுத்து, 364 நடிகர்களோடு ஒப்பிட்டார்கள். காமெடியர்களிடம் ஒரு வினோதமான கலவை தெரிந்தது. ஒருபக்கம் ஆட்களை விட்டு ஒதுங்குகிற, எதிலும் பெரிதாக மகிழ்ச்சி காணாத குணம். மறுபக்கம் யோசிக்காமல் துள்ளிக் குதிக்கிற குணம். பத்திரிகைகள் உடனே காமெடியர்கள் எல்லாம் மனநோயாளிகள் என்று தலைப்புப் போட்டன. ஆய்வு சொன்னது குணங்களைப் பற்றி, வியாதியைப் பற்றி இல்லை. சம்பந்தம் இல்லாத ரெண்டு விஷயத்தை ஒரு நொடியில் முடிச்சுப் போடுகிற மூளை இல்லாமல் காமெடி வராது, அவ்வளவுதான்.

எனக்கு இதிலெல்லாம் முக்கியமாகப் படுவது காமெடியர்கள் பற்றியே இல்லாத ஒரு ஆய்வு. 1921ல் கலிஃபோர்னியாவில் சுமார் 1,500 கெட்டிக்காரக் குழந்தைகளைப் பதிவு செய்து, சாகும் வரை பின்தொடர்ந்தார்கள். சின்ன வயதில் கலகலப்பானவன், நகைச்சுவை உணர்வுள்ளவன் என்று பேரெடுத்த பிள்ளைகள், பொறுப்பான பிள்ளைகளைவிடக் கொஞ்சம் முந்தியே இறந்திருந்தார்கள். உள்ளே ஏதோ சோகம் இருந்து அரித்ததாக அங்கே யாரும் சொல்லவில்லை. கலகலப்பானவர்கள் வளர்ந்த பிறகு அதிகம் குடித்தார்கள், அதிகம் புகைத்தார்கள், "ஒண்ணும் ஆகாது" என்று துணிந்தார்கள். கிடா வெட்டு விருந்தில் எல்லாரையும் சிரிக்க வைக்கிற சித்தப்பா ஒருத்தர் எல்லா வீட்டிலும் இருப்பார். சுகர் இருக்கிறதே என்றால் "சுகர் இருந்தாத்தானுங்க இனிப்பா பேச முடியும்" என்று சொல்லிவிட்டு இலையில் இன்னொரு கரண்டி கேட்பார். நாமும் சிரித்துக்கொண்டே போடுவோம்.

தாராபுரத்து நாகேஷை இங்கே கொஞ்சம் நிறுத்திப் பார்க்க வேண்டும். 1933ல் பிறந்தவர். அம்மைத் தழும்பு முகம், ஒல்லி உடம்பு, ரயில்வேயில் குமாஸ்தா வேலை, அதை விட்டுவிட்டு நாடகம். 1964ல் காதலிக்க நேரமில்லை, சர்வர் சுந்தரம். காதலிக்க நேரமில்லை படத்தின் பெரும்பகுதியை நம்ம ஆழியாறு பக்கம்தான் எடுத்தார்கள். 1965ல் திருவிளையாடல் தருமி. இதற்கு நடுவே குடிப்பழக்கம் ஊரறிந்த விஷயமாக இருந்தது, குடும்பத்தில் சிக்கல்கள் இருந்தன, எழுபதுகளில் வாய்ப்பும் குறைந்தது. 45 வயதில் அவருக்கு ஏதாவது ஆகியிருந்தால், சந்திரபாபுவுக்குப் பக்கத்தில் நாகேஷ் படத்தையும் மாட்டி, தருமி புலம்புகிற காட்சியே அவர் சொந்தப் புலம்பல்தான் என்று இன்றைக்கு எழுதிக்கொண்டிருப்போம். அப்படி ஆகவில்லை. 1989ல் அபூர்வ சகோதரர்களில் வில்லனாக வந்தார். 1994ல் நம்மவர் படத்துக்குத் துணை நடிகருக்கான தேசிய விருது வாங்கினார். 2009 ஜனவரி 31ல், 75 வயதில் இறந்தார். அதே ஆளின் அதே கஷ்டங்கள்தான். இருபத்தைந்து முப்பது வருசம் கூடுதலாகக் கிடைத்ததால் சோகக் கதை இல்லாமல் போயிற்று. ஒருவர் எப்போது சாகிறார் என்பதை வைத்து, அவர் வாழ்க்கை முழுவதற்கும் பின்னாலிருந்து அர்த்தம் எழுதுகிறோம்.

மணிவண்ணன் விஷயத்தில் இந்தச் சோக வாசிப்பு இன்னும் பொருந்தாது. சூலூர்க்காரர், அரசியல் பேச்சுக்கு அஞ்சாதவர். 1994ல் அமைதிப்படையில் அவரும் சத்யராஜும் பண்ணிய கோயம்புத்தூர்க் குசும்பை இன்றைக்கும் வாட்ஸ்அப்பில் வெட்டி வெட்டி அனுப்புகிறோம். இயக்கம், நடிப்பு என்று ஒரே நேரத்தில் ரெண்டு ஆள் வேலை பார்த்தார். அவருடைய 50வது படம் 2013 மே மாதம் வந்தது. ஜூன் 15ல் மாரடைப்பு.

பிரபலங்களை விட்டுவிட்டு மேடைக்கு வருவோம், ஏனென்றால் இந்தத் தொழிலில் பெரும்பாலோர் அங்கேதான் இருக்கிறார்கள். காங்கேயம் பக்கம் ஒரு மாரியம்மன் நோம்பியில், அதாவது கோயில் திருவிழாவில், மிமிக்ரி நிகழ்ச்சியை மேடைக்குப் பின்னால் நின்று பார்க்கிற வாய்ப்பு எனக்குக் கிடைத்தது. ஒன்பது மணிக்கு என்று நோட்டீஸில் போட்டிருந்தார்கள். கம்பத்தைச் சுற்றி ஆடி முடித்துக் கூட்டம் உட்காரப் பதினொன்றரை. மிமிக்ரிக்காரருக்கு நல்ல காய்ச்சல். டிராக்டர் டிரெய்லர் ஓரமாகப் பிளாஸ்டிக் சேரில் சாய்ந்திருந்தார், ஒரு பாராசிட்டமால் போட்டு, அதன்மேல் சோடா. நோம்பிக் கமிட்டிக்காரர் ஒருவர் வந்து, "ஏனுங்ண்ணா, கவுண்டமணி வாய்ஸ் ரெண்டு தரம் போட்டுருங்க, போன வருசம் வந்தவரு ஒரு தரம்தான் போட்டாரு" என்றார். இவர் உட்கார்ந்தபடியே கவுண்டமணி குரலில் ஏதோ பதில் சொன்னார். கமிட்டிக்காரர் சிரித்துக்கொண்டே போய்விட்டார். காய்ச்சல் என்று சொன்னதும் அதே குரலில் சொன்னதால் அவர் காதில் அது ஏறவே இல்லை. மேடை ஏறியதும் முக்கால் மணி நேரம் ஆள் பறந்தார். இறங்கியபோது சட்டை பிழிகிற மாதிரி இருந்தது. முன்பணம் போக மீதியை எண்ணி வாங்கிக்கொண்டு, வெள்ளகோவில் ரோட்டில் ராத்திரி ஒரு மணிக்குத் திறந்திருந்த கடையில் புரோட்டாவும் சால்னாவும். கூட வந்தவர்கள் பாட்டிலைத் திறந்தார்கள். மறுநாள் கரூரில் நிகழ்ச்சி. பங்குனி, சித்திரை என்றால் வாரக்கணக்கில் இதேதான். ஆடி மாசம் போய்விட்டால் அடுத்த சீசன் வரை அழைப்பு குறைவு.

பகலில் தூங்கி ராத்திரியில் விழித்து, நள்ளிரவில் எண்ணெய்ப் பண்டம் சாப்பிட்டு, ஆட்டத்தின் வேகம் அடங்குவதற்குக் குடித்து, காய்ச்சலோடு கத்தினால் ஒரு உடம்பு என்ன ஆகும் என்று சொல்ல மனநல ஆராய்ச்சி தேவையில்லை. லாரி ஓட்டுகிறவருக்கும் பனியன் கம்பெனியில் நைட் ஷிப்ட் பார்ப்பவருக்கும் ஆவதுதான். வித்தியாசம் ஒன்று உண்டு. லாரிக்காரர் முடியவில்லை என்று உட்கார்ந்தால் நாலு பேர் நம்புவார்கள். குசும்புக்காரன் என்று பேர் வாங்கியவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால், முதல் ஐந்து நிமிஷம் எல்லாரும் நடிப்பு என்றே நினைப்பார்கள். வீட்டிலும் அப்படித்தான். "மனசே சரியில்லைடா" என்று அவன் சொன்னால் அடுத்து என்ன ஜோக் வரப்போகிறது என்று காத்திருப்பார்கள்.

ரோபோ சங்கர் மேடையிலிருந்து வந்தவர்தான். உடம்பெல்லாம் வெள்ளி பெயிண்ட் பூசிக்கொண்டு ரோபோ மாதிரி ஆடியதால் வந்த பேர் அது. 2023ல் மஞ்சள் காமாலை வந்து ஆளே பாதியாக இளைத்தபோது, கெட்ட பழக்கத்தால் வந்த வினை என்று மேடையேறி வெளிப்படையாகச் சொன்னார். இளைத்த படம் வந்த அன்றைக்கு இணையத்தில் அதை வைத்து மீம் போட்டவர்களும் உண்டு. காமெடியன் நோயாளியாக இருப்பதற்குக்கூட நம்மிடம் அனுமதி வாங்க வேண்டியிருக்கிறது.

கவுண்டமணி இந்த விஷயத்தில் வேறு ஆள். பேட்டி கிடையாது, டிவி ஷோ கிடையாது, வீட்டு விசேஷம் பத்திரிகையில் வராது. கேமரா அணைந்ததும் அவர் யாருக்கும் கவுண்டமணியாக இருக்க வேண்டியதில்லை என்று ஒரு கோடு போட்டுக்கொண்டார். திமிர் என்று பேசியவர்கள் உண்டு. நீண்ட ஆயுளுக்கு அதுதான் காரணம் என்று நான் சொல்லவரவில்லை, ஆயுளுக்கு உடம்புவாகும் அதிர்ஷ்டமும் வேண்டும். ஆனால் கல்யாண வீட்டில் சாப்பிட உட்கார்ந்தவரைக்கூட "அண்ணா, ஒரு வாய்ஸ்" என்று எழுப்புகிற ஊரில் அந்தக் கோடு சின்ன விஷயம் இல்லை. பெரிய நட்சத்திரத்தால் அப்படிக் கோடு போட முடிகிறது. ஒரு நோம்பி போனால் அடுத்த நோம்பிக்கு வேறு ஆளைக் கூப்பிட்டுவிடுவார்கள் என்கிற நிலையில் இருப்பவரால் முடியாது.

அப்புறம் பணம். போண்டா மணி 2022ல் சிறுநீரகம் பழுதாகிச் சென்னை ஓமந்தூரார் அரசு மருத்துவமனையில் இருந்தபோது, உதவி கேட்டு வீடியோ வந்தது. பார்த்துவிட்டுச் சிலர் கொடுத்தார்கள். 2023 டிசம்பரில் இறந்தார். இருநூறு படத்துக்கு மேல் முகம் காட்டியவருக்கா இந்தக் கதி என்று கேட்டார்கள். முகம் காட்டுவதற்குச் சம்பளம் நாள் கணக்கில்தான். பி.எஃப். இல்லை, இ.எஸ்.ஐ. இல்லை. திருப்பூரில் ஒழுங்காக நடக்கிற ஒரு கம்பெனியின் தொழிலாளிக்கு இருக்கிற அளவு பாதுகாப்புகூடப் படத்தில் முகம் தெரிந்த துணைக் காமெடியனுக்குக் கிடையாது.

முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் குடும்பத்துக்கு வருசம் 5 லட்சம் வரை சிகிச்சை உண்டு, டயாலிசிஸும் அதில் அடங்கும். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும். சீசனுக்குச் சீசன் ஏறி இறங்குகிற மேடைக் கலைஞர் பலருக்கு நிச்சயமாக இது பொருந்தும். பலர் கார்டு எடுத்து வைப்பதில்லை. ஆஸ்பத்திரியில் படுத்த பிறகுதான் வருமானச் சான்றிதழுக்கு ஓடுகிறார்கள். நோம்பி மேடையில் பார்த்த அதே மிமிக்ரிக்காரரிடம் இதைக் கேட்டேன். "வி.ஏ.ஓ. ஆபீஸ்ல போய் நின்னா, நீங்க டிவில வர்றவரு, உங்களுக்கு எதுக்குங்க இதுன்னு கேக்கறாங்க. அப்பறம் செல்ஃபி எடுத்துக்கறாங்க" என்றார். சான்றிதழ் கிடைத்ததா என்றேன். அடுத்த வாரம் வரச் சொல்லியிருக்கிறார்களாம்.